எனிமா கேனின் உயரம்

முப்பது வருஷத்துக்கு மேல் நர்ஸாக இருந்தவள் என்று தெரிந்ததும் ஊசி போட்டதைப் பற்றிக் கேட்பார்கள், பிரசவம் பார்த்ததைப் பற்றிக் கேட்பார்கள். எனிமா கொடுத்ததைப் பற்றி இதுவரை ஒருவரும் கேட்டதில்லை. பேச்சு அந்தப் பக்கம் திரும்பினாலே முகம் சுளிப்பார்கள். ஆனால் நம் வயசுக்காரர்கள் இருக்கும் வீடுகளில் இப்போது அடிக்கடி நடக்கிற காரியம் அது. அதனால் இன்றைக்கு எழுதிவிடலாம் என்று உட்கார்ந்தேன். சாப்பிட்டுக்கொண்டே படிப்பவர்கள் கை கழுவிவிட்டு வாருங்கள்.

நான் பயிற்சிக்குப் போன 1970-களின் கடைசியில் எனிமா என்றால் வெள்ளை எனாமல் கேன்தான். அடியில் ஒரு மூக்கு, அதில் மாட்டிய நீளமான ரப்பர் டியூப், நடுவில் ஒரு கிளிப், முனையில் கதீட்டர். உள்ளே சோப்புத் தண்ணீர். எங்களுக்குச் சொல்லிக்கொடுத்த சிஸ்டர் கறாரானவர். கேனைக் கையில் எடுத்ததுமே, "தண்ணி என்ன சூடு? கேன் எவ்வளவு உயரம்? நோயாளி எந்தப் பக்கம் படுத்திருக்காங்க?" என்று மூன்று கேள்வி கேட்பார். ஒன்றுக்குத் தடுமாறினாலும் கேன் அலமாரிக்குத் திரும்பிவிடும்.

இடது பக்கம் ஒருக்களித்துப் படுக்க வைக்க வேண்டும், வலது முழங்காலை வயிற்றை நோக்கி மடக்க வேண்டும். பெருங்குடலின் கடைசிப் பகுதி இடது பக்கமாகத்தான் இறங்குகிறது. அப்படிப் படுத்தால் தண்ணீர் தன் போக்கில் போகும். சூடு 37-லிருந்து 40 டிகிரி. வார்டில் தெர்மாமீட்டருக்கு எங்கே போவது? மணிக்கட்டின் உள்பக்கம் விட்டுப் பார்ப்போம். அதிகமானால் மலக்குடலின் உள்தோல் வெந்துவிடும், குறைந்தால் வயிற்றை முறுக்கிப் பிடிக்கும்.

உயரம்தான் முக்கியம். நோயாளியின் இடுப்பிலிருந்து ஒன்றரை அடி, அதற்கு மேல் கேன் போகக்கூடாது. உயரம் கூடக் கூட தண்ணீர் பாயும் வேகமும் அழுத்தமும் கூடும். சலைன் ஸ்டாண்டின் உச்சியில் கேனை மாட்டிவிட்டு அடுத்த கட்டிலுக்குப் போகிறவர்களை நான் பார்த்திருக்கிறேன். இரண்டே நிமிஷத்தில் வேலை முடியும், நோயாளி பல்லைக் கடித்துக்கொண்டு கிடப்பார். பெரியவர்களுக்கு அரை லிட்டரிலிருந்து ஒரு லிட்டர் வரை போகும். அதைக் கையில் பிடித்தபடி நின்றால் தோள் கடுக்கத்தான் செய்யும். அந்தக் கடுப்பும் சேர்ந்ததுதான் எங்கள் வேலை.

கொஞ்சம் தண்ணீரை முதலில் வெளியே ஓட விட்டு டியூபில் உள்ள காற்றை எடுத்துவிட வேண்டும். முனையில் வாசலின் தடவி, "வாயைத் திறந்து மூச்சு விடுங்க" என்று சொல்லி, தொப்புளை நோக்கிய சாய்வில் மூன்று நாலு அங்குலம், மெதுவாக. தடை தட்டினால் அங்கேயே நிறுத்த வேண்டும், தள்ளவே கூடாது. மூலம் இருப்பவர்களுக்கு இன்னும் நிதானம். "வலிக்குது" என்று சொன்னால் கிளிப்பைப் போட்டு, இரண்டு மூச்சு விடச் சொல்லி, அப்புறம்தான் திறக்க வேண்டும்.

புத்தகத்தில் இல்லாத ஒரு படி எங்கள் வார்டில் உண்டு. நாற்பது பேருக்கு இரண்டு கக்கூஸ். எனிமா கொடுப்பதற்கு முன்னால் ஒன்று காலியாக இருக்கிறதா என்று பார்த்து வர ஆள் அனுப்புவோம். எழுந்து நடக்க முடியாதவர்களுக்குப் பெட்பேன் கைக்கெட்டும் இடத்தில் தயாராக இருக்கும். வயசானவர்களைத் தனியே விடவே மாட்டோம். முக்கும்போது நாடித்துடிப்பு இறங்கி, கண் இருட்டி, அப்படியே சாய்ந்துவிடுவார்கள். இதய நோய் உள்ளவர்கள் என்றால் கேட்கவே வேண்டாம். கதவைத் தாழ் போடாதீர்கள் என்று அதனால்தான் கெஞ்சுவோம்.

இடுப்பு எலும்பு முறிந்து படுத்திருந்த ஓர் அப்பத்தா ஐந்து நாளாக மலம் போகாமல் அவதிப்பட்டார். ஸ்கிரீன் வைத்து மறைத்தும் சேலையை விலக்க விடவில்லை. அவசரப்படுத்தாமல் பக்கத்தில் நின்று, போர்வைக்குள்ளேயே எல்லாம் செய்தேன். முடிந்ததும், "ஏத்தா, என் மருமக கூட இதச் செய்ய மாட்டா, ஒனக்கு அருவருப்பா இல்லையா?" என்றார். "எனக்குப் பழக்கம் அப்பத்தா" என்றேன். மருமகள் ஸ்கிரீனுக்கு அந்தப் பக்கம்தான் நின்றுகொண்டிருந்தாள், பாவம்.

கொடுக்கத் தெரிந்தால் மட்டும் போதாது, கொடுக்கக் கூடாத இடமும் தெரிய வேண்டும். ஒரு நைட் டூட்டியில் பத்தொன்பது வயசுப் பெண் ஒருத்தியைக் கூட்டி வந்தார்கள். இரண்டு நாளாக வயிற்றுவலி, மலம் போகவில்லை. சீட்டில் எனிமா என்று எழுதியிருந்தது. உடம்பு அனலாய்க் கொதித்தது, வந்ததிலிருந்து இரண்டு தரம் வாந்தி. எங்கே வலிக்கிறது என்று கேட்டால் வலது அடிவயிற்றில் கை வைக்கிறாள். நான் கேனைத் தொடவில்லை. வீங்கிய குடல்வால் உள்ளே இருக்கும்போது எனிமா கொடுத்தால் அந்த அழுத்தத்தில் அது வெடித்துவிடலாம். "டாக்டரே எழுதியிருக்கார், நீ யாரும்மா நிறுத்துறதுக்கு?" என்று அம்மாக்காரி சத்தம் போட்டார். டூட்டி டாக்டரை எழுப்பினேன். "எனிமாவுக்கா சிஸ்டர் எழுப்புனீங்க?" என்றபடி வந்தவர், வயிற்றை அழுத்திக் கையைச் சட்டென்று எடுத்தார். அவள் அலறிய அலறலில் அவருடைய தூக்கம் கலைந்துவிட்டது. விடிவதற்குள் ஆபரேஷன் முடிந்தது. குடல்வால் வெடிக்கிற நிலையில் இருந்ததாம்.

காரணம் தெரியாத வயிற்றுவலி, குடலடைப்பு, மலத்தில் ரத்தம், சமீபத்தில் குடலில் ஆபரேஷன், இதில் எது இருந்தாலும் டாக்டர் பார்க்காமல் எனிமா கூடாது. பிரசவ வார்டில் அந்தக் காலத்தில் வருகிற எல்லாருக்கும் கொடுத்தோம். வலிக்கு நடுவே கக்கூஸுக்கு ஓடிய அந்தப் பெண்களை நினைத்தால் இப்போதும் சங்கடமாக இருக்கிறது. அதனால் தொற்று குறையவில்லை என்று ஆராய்ந்து பார்த்து, எல்லாருக்கும் கொடுக்கும் வழக்கம் வேண்டாம் என்று உலக சுகாதார நிறுவனமே சொல்லிவிட்டது.

இப்போது கேன் போய், மெடிக்கலில் விற்கும் சின்ன பிளாஸ்டிக் பாட்டில் வந்துவிட்டது. கொடுப்பது சுலபம், அதுதான் எனக்குப் பயம். அதில் பலவற்றில் இருப்பது பாஸ்பேட் உப்பு. உள்ளே போனது வெளியே வராமல் தங்கினால் ரத்தத்தில் பாஸ்பேட் ஏறும், கால்சியம் இறங்கும். சிறுநீரகம் பழுதானவர்களுக்கும் வயசானவர்களுக்கும் அது உயிருக்கே ஆபத்தாகலாம். சின்னக் குழந்தைகளுக்கு வீட்டில் கொடுக்கவே கூடாது.

போன மாதம் எதிர்வீட்டுக்காரர் வந்தார். எண்பத்திரண்டு வயசு அப்பாவுக்குக் காலையில் ஒரு பாட்டில் கொடுத்தாராம், ஒன்றும் வெளியே வரவில்லை. "இன்னொண்ணு வாங்கிட்டேன் சிஸ்டர், நீங்க வந்து போட்டு விடுங்க." முதலில் போனதே உள்ளே இருக்கிறது, இரண்டாவது கூடாது, உடனே ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போங்கள் என்றேன். அவருக்கு என் மேல் வருத்தம்தான். இருந்தாலும் ஆட்டோ பிடித்தார். மறுநாள் வந்து, அப்பாவுக்குச் சிறுநீரகம் ரொம்ப நாளாகவே சரியில்லையாம், இத்தனை நாள் யாருக்கும் தெரியவில்லை, நாலு நாளாவது வைத்துப் பார்க்க வேண்டும் என்கிறார்கள் என்றார். பெரியவர் வீடு திரும்பி, இப்போது கைத்தடியோடு திண்ணையில் உட்கார்ந்திருக்கிறார். அந்த இரண்டாவது பாட்டில் பிரிக்காமல் அவர்கள் வீட்டு ஃப்ரிட்ஜ் மேலேயே இருக்கிறது.