தொப்பி போடாத திருடர்கள்

நகைத் திருடன் என்றதும் உங்களுக்கு யார் ஞாபகம் வருகிறார்கள்? எனக்கு தேவ் ஆனந்த். 1967-ல் வந்த 'ஜுவல் தீஃப்' பார்த்தவர்களுக்கு அந்தத் தொப்பி மறக்காது. ஹீரோ போலீஸ் கமிஷனரின் மகன். அவனைப் போலவே அச்சு அசலாக இன்னொருத்தன் ஊரெல்லாம் நகை திருடுகிறான் என்கிறார்கள். அந்த இன்னொருத்தன் யார் என்று கடைசி வரை நமக்குத் தண்ணி காட்டுவார் டைரக்டர் விஜய் ஆனந்த். போதாக்குறைக்கு வைஜெயந்திமாலா வேறு. திருடினால் இப்படித் திருடவேண்டும் என்று தோன்றிவிடும்!

நிஜத்தில் நகைக்காக நடந்த ஒன்றைச் சொல்கிறேன். வெகுதூரம் போக வேண்டாம், சென்னைக்குப் பக்கத்திலேயேதான்.

2005 ஜனவரி 9, விடிவதற்கு முன். திருவள்ளூர் மாவட்டம், பெரியபாளையம் அருகே தானாகுளம் கிராமம். கும்மிடிப்பூண்டி தொகுதியின் அ.தி.மு.க. எம்.எல்.ஏ. சுதர்சனம் வீட்டுக்குள் ஒரு கும்பல் புகுந்தது. வீட்டிலிருந்தவர்களைத் தாக்கி, அவரைச் சுட்டுக் கொன்று, 60 சவரனுக்குச் சற்று மேலான நகைகளை அள்ளிக்கொண்டு போனது. தொப்பி இல்லை. போலீஸுக்குச் சவால்விட்டு லெட்டர் இல்லை. மகாராஜா காலத்து வைரமும் இல்லை. கல்யாண வயதில் பெண் இருக்கும் வீட்டு பீரோவில் என்ன இருக்குமோ, அதேதான்.

வந்தது வடநாட்டுக் கும்பல். தொண்ணூறுகளிலிருந்தே தமிழ்நாட்டில் மெயின்ரோட்டை ஒட்டிய வீடுகளை இதே பாணியில் தாக்கி வந்தவர்கள். லாரியில் வருவார்கள். ஒதுக்குப்புறமான வீடாகப் பார்த்து வைப்பார்கள். ராத்திரி வேலை முடிந்ததும் லாரி கிளம்பிவிடும். கும்மிடிப்பூண்டி சிப்காட் பக்கம் போயிருக்கிறீர்களா? கல்கத்தா நெடுஞ்சாலை ஓரத்தில் இரும்பும் ஸ்கிராப்பும் ஏற்றிய லாரிகள் வரிசைகட்டி நிற்கும். அதில் ஹரியானா, ராஜஸ்தான் நம்பர் பிளேட்டை யார் நின்று கவனிக்கப் போகிறார்கள்? மாறுவேஷம் என்றால் அதுதான் சார் மாறுவேஷம். ஒட்டுமீசையெல்லாம் சினிமாவுக்கு.

முதல்வர் ஜெயலலிதா தனிப்படை அமைத்தார். தலைமை, ஐ.ஜி. ஜாங்கிட். பிறப்பால் ராஜஸ்தான்காரர், எனவே வடக்கே போய் விசாரிக்க பாஷை ஒரு பிரச்னையாக இல்லை. ஆனால் யாரை விசாரிப்பது? கையில் இருந்தது ரேகைகள்தான். அவற்றை வடமாநில ஜெயில் ரெக்கார்டுகளோடு ஒப்பிட்டுப் பார்த்துத்தான் ஆளைப் பிடித்தார்கள். நாடு முழுக்க ரேகைகளைத் தேடும் கம்ப்யூட்டர் வசதி வந்தது 2022-ல். 2005-ல் ரேகைத் தாளைப் பையில் வைத்துக்கொண்டு போய், ஊர் ஊராகக் கதவு தட்டவேண்டும்.

ரேகை பார்ப்பதில் நாம் ஒன்றும் சளைத்தவர்கள் இல்லை. 1897-லேயே கல்கத்தாவில் இதற்கென்று அலுவலகம் திறந்துவிட்டார்கள். வகைபிரிக்கும் முறையை உருவாக்கியதில் அஸிஸுல் ஹக், ஹேம் சந்திர போஸ் என்ற இரண்டு இந்திய அதிகாரிகளுக்குப் பெரும்பங்கு உண்டு. பெயர் மட்டும் மேலதிகாரி ஹென்றிக்குப் போய்விட்டது. ஆபீஸில் வேலை பார்ப்பவர்களுக்கு இதை விளக்கவேண்டியதில்லை.

கும்பலுக்குப் பத்திரிகைகள் வைத்த பெயர் 'பவாரியா'. இது எனக்கு நெருடுகிறது. அது ஒரு முழு சமூகத்தின் பெயர். 1871-ல் வெள்ளைக்காரன் கொண்டுவந்த குற்றப் பரம்பரைச் சட்டம், பிறந்த குழந்தையையே திருடன் என்று பதிவு செய்துவைத்தது. நம் பிரமலைக் கள்ளர்கள் பட்ட அவஸ்தையை மதுரைப் பக்கம் கேட்டால் சொல்வார்கள். துப்பாக்கியைத் தூக்கியவன் மேல் கேஸ் போடுங்கள், அவன் சித்தப்பா பேரன் என்ன செய்தான்?

இந்தக் கேஸை வைத்துத்தான் 2017-ல் வினோத் 'தீரன் அதிகாரம் ஒன்று' எடுத்தார். ஐம்பது வருஷத்தில் கவர்ச்சி கட்சி மாறிவிட்டது, கவனித்தீர்களா? அன்றைக்குத் திருடனுக்குத் தொப்பி, இன்றைக்கு போலீஸுக்கு கார்த்தி. பூதக்கண்ணாடியோடு ரேகைச் சுழிகளை எண்ணிக் கண் எரிந்துபோன மனுஷனுக்கு இரண்டு பேருமே ஒரு டூயட்கூடக் கொடுக்கவில்லை.

சுதர்சனத்தின் இடத்துக்கு 2005 மே மாதமே இடைத்தேர்தல் நடந்து, அவர் மகன் ஜெயித்தார். கோர்ட்டில் அந்த வேகம் கிடையாது. கும்பலின் தலைவன் விசாரணை முடிவதற்குள் இறந்தே போனான். மிச்சமிருந்தவர்களில் மூன்று பேர் குற்றவாளிகள் என்று சென்னை நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது 2025 நவம்பரில். படம் வந்தே அப்போது எட்டு வருஷம் ஆகியிருந்தது.