கிழக்கேகோட்டையும் ஒரு கோட்டைக் கப்பலும்

திருவனந்தபுரத்தில் குடியேறிய தமிழ்க் குடும்பத்தார்க்குக் கிழக்கேகோட்டையை அறிமுகம் செய்ய வேண்டுவதில்லை. பழவங்காடிப் பிள்ளையாருக்குத் தேங்காய் உடைத்துவிட்டு, கோட்டை வாயிலைக் கடந்து பத்மநாப சுவாமியைத் தரிசிப்பதும், திரும்புகையில் சாலைக் கடைத்தெருவில் சரக்கு வாங்குவதும் நம்மவர் வழக்கம். பதினெட்டாம் நூற்றாண்டில் எழுந்த கோட்டையின் மதில்களில் எஞ்சியவை இன்றும் நிற்கின்றன.

நிலத்தில் நிற்கும் கோட்டையை அறிந்த நாம், கோட்டை என்ற பெயருடன் கடலில் மிதந்த கப்பல்களின் கதையையும் அறிதல் நலம்.

இரண்டாம் உலகப் போரில் ஜெர்மானிய நீர்மூழ்கிகள் பிரிட்டிஷ் சரக்குக் கப்பல்களை ஓயாது மூழ்கடித்தன. இழப்பை ஈடுசெய்ய, எளிய அமைப்புடைய கப்பல்களை ஒரே அச்சில் வார்த்தாற்போலக் கட்டத் தொடங்கினர். அமெரிக்காவில் கட்டப்பட்ட ‘லிபர்டி’ கப்பல்கள் மட்டும் 2,710. அவற்றுள் ஒன்று 1942 நவம்பரில் ஐந்தே நாட்களுக்குள் நீரில் இறக்கப்பட்டது. அவற்றின் உறவினம் போன்றவை கனடாவில் கட்டப்பெற்ற ‘ஃபோர்ட்’ கப்பல்கள். ஃபோர்ட் என்பதன் பொருள் கோட்டையே. பழைய வாணிபக் கோட்டைகளின் பெயர்களை அவற்றிற்குச் சூட்டினர்.

கப்பலின் அருமையை அந்நாளில் திருவிதாங்கூர் நன்குணர்ந்திருந்தது. 1942-ல் பர்மா ஜப்பானியர் வசமாயிற்று. இந்நாடு நம்பியிருந்த பர்மா அரிசியின் வரவு நின்றது. பஞ்சம் பலரை வாட்டியது.

அதே 1942-ல் கட்டப்பட்டது ‘ஃபோர்ட் ஸ்டிகீன்’. 1944 பிப்ரவரியில் அது இங்கிலாந்திலிருந்து புறப்பட்டபோது ஏறத்தாழ 1,400 டன் வெடிபொருள்களும், போர் விமானங்களும், பொற்கட்டிகளும் அதில் இருந்தன. கராச்சியில் பஞ்சுப் பொதிகளும் எண்ணெயும் மரமும் ஏற்றப்பட்டன. பஞ்சுக்கருகே வெடிமருந்தை வைக்கலாகாது என்பதைச் சாலைக் கடைச் சிறுவனும் அறிவான். போரின் அவசரம் அவ்வறிவை மறைத்துவிட்டது.

ஏப்ரல் 12-ல் கப்பல் பம்பாய் சேர்ந்தது. 14-ஆம் நாள் பிற்பகலில் பஞ்சில் தீப்பற்றியது. கப்பலை நீரில் ஆழ்த்துவதா, கடலுக்கு இழுத்துச் செல்வதா என்று அதிகாரிகள் ஒருமனப்படாமலே இரண்டு மணி நேரம் கழிந்தது. தீயணைப்போர் மட்டும் இடம்விட்டு அகலாமல் நீரைப் பாய்ச்சிய வண்ணம் இருந்தனர். மாலை நான்கு மணிக்குப் பின் கப்பல் இருமுறை வெடித்துச் சிதறியது. எண்ணூறுக்கு மேற்பட்டோர் மாண்டனர். அவர்களுள் 66 பேர் தீயணைப்பு வீரர். நாடு உணவின்றித் தவித்த காலத்தில் துறைமுகத்துத் தானியக் கிடங்குகளும் எரிந்தன. கப்பலிலிருந்த பொற்கட்டிகள் ஊருக்குள் பறந்து விழுந்தன.

ஐந்து நாளில் கப்பல் கட்டும் ஆற்றல் மனிதனுக்கு வாய்த்தது; ஆயினும் இரண்டு மணி நேரத்தில் ஒரு முடிவு செய்யும் ஒற்றுமை வாய்க்கவில்லை.

அவ்வீரர்களின் நினைவாக ஆண்டுதோறும் ஏப்ரல் 14 இந்தியா முழுதும் தீயணைப்புப் பணி நாளாகப் போற்றப்படுகிறது. கிழக்கேகோட்டையிலும் சாலைத் தெருவிலும் தொழில் புரியும் அன்பர்கள் அந்நாளில் அவர்களை நினைத்தால் மட்டும் போதாது. எளிதில் தீப்பற்றும் சரக்கைப் பிரித்து வைத்தலும், தீயணைப்பு வண்டி நுழையும் வண்ணம் தெருவில் மூட்டைகளை அடுக்காதிருத்தலும் நம் கடமையாகும். அவ்வறுபத்தறுவர்க்கு நாம் செலுத்தத்தக்க மரியாதை அதுவே.