ஓமந்தூரில் ஒரு நடிகையின் நினைவு

திண்டிவனத்திலிருந்து புதுச்சேரிக்குப் பிரயாணம் செய்கிறவர்கள் நெல்வயல்களையும், பனைமரங்களையும், இப்பக்கத்தார் 'மல்லாட்டை' என்று சொல்லும் வேர்க்கடலைக் கொல்லைகளையும் காணலாம். அந்த வழியில் உள்ள கிராமந்தான் ஓமந்தூர். மலையழகோ அருவியோ இங்கு இல்லை. ஆயினும் இது தமிழர்கள் யாத்திரை செய்யத் தக்க ஊர். 1895-இல் இங்கே பிறந்த விவசாயியான ஸ்ரீ ராமசாமி ரெட்டியார், 1947 மார்ச்சு முதல் 1949 ஏப்ரல் வரையில் சென்னை மாகாணத்தின் பிரதம மந்திரியாக விளங்கினார். அவருக்கு இவ்வூரில் மணிமண்டபம் அமைந்திருக்கிறது.

அம்மண்டபத்தில் நிற்கும்போது ஒரு சினிமா நடிகையையும் நினைக்க வேண்டும் என்றால் நேயர்கள் வியப்படையலாம். காரணம் சொல்லுகிறேன்.

ஸ்ரீவைகுண்டம் எஸ். டி. சுப்புலக்ஷ்மி நாடக மேடையில் புகழ் பெற்று, 1934-இல் 'பவளக்கொடி'யில் ஸ்ரீ தியாகராஜ பாகவதருடன் திரைக்கு வந்தார். 1935-இல் 'நவீன சதாரம்'. 1936-இல் 'பக்த குசேலா'வில் கண்ணனாகவும் குசேலர் மனைவியாகவும் அவர் ஒருவரே நடித்தார்! அப்படங்களை இயக்கிய ஸ்ரீ கே. சுப்பிரமணியமே அவருடைய வாழ்க்கைத் துணைவரும் ஆனார்.

பிறகு 1939-இல் 'தியாக பூமி' வந்தது. கல்கியின் கதை. கணவனால் கைவிடப்பட்ட ஸாவித்திரி, பெருஞ்செல்வத்துக்கு உரியவளாகி உமாராணியாகத் திரும்புகிறாள். இப்போது கணவன் அவளை நாடி வழக்குத் தொடுக்கிறான். "ஜீவனாம்சம் வேண்டுமானால் நான் தருகிறேன்; சேர்ந்து வாழ மாட்டேன்" என்ற கருத்தை அவள் நியாய ஸ்தலத்திலேயே சொல்லிவிடுகிறாள். பதிவிரதைக் கதைகளையே பார்த்துப் பழகிய தாய்மார்களுக்கு அது எப்படி இருந்திருக்கும்! முடிவில் அவள் கதர் உடுத்தித் தேசத் தொண்டில் இறங்குகிறாள். ராஜாஜி மந்திரி சபை 1939 அக்டோபரில் விலகியது. மறு வருஷம் பிரிட்டிஷ் சர்க்கார் படத்துக்குத் தடை விதித்தது.

ஸாவித்திரி துணிந்து விலகினாளே தவிர, மணத்தையே முறித்துக்கொள்ளும் உரிமை அந்நாளில் பொதுவாக ஹிந்து ஸ்திரீக்குச் சென்னை மாகாணச் சட்டத்தில் இல்லை. அந்தக் குறையைத் தீர்த்தது, ஓமந்தூரார் காலத்துச் சட்டசபை நிறைவேற்றிய 1949-ஆம் வருஷத்துச் சட்டம். அது பலதார மணத்தைத் தடுத்து, விவாகரத்துக்கும் வழி செய்தது. தேசம் முழுமைக்குமான ஹிந்து விவாகச் சட்டம் 1955-இல்தான் வந்தது. ஆலயப் பிரவேசச் சட்டமும், தேவதாசி முறையை ஒழித்த சட்டமும் இதே மந்திரி சபையின் 1947-ஆம் வருஷத்துக் காரியங்களே.

சட்டம் செய்தவருக்கு மண்டபம் இருக்கிறது, அது நியாயமே. ஆனால் அச்சட்டம் வருவதற்குப் பத்து வருஷம் முன்பே அதன் அவசியத்தைக் குடும்பங்களின் கண்முன் நிறுத்திய நடிகையின் பெயர் இன்று எத்தனை வீடுகளில் தெரியும்? ஓமந்தூருக்குப் போகிறவர்கள் தங்கள் பெண் குழந்தைகளையும் அழைத்துப் போகட்டும். ரெட்டியாரின் சரித்திரத்தைச் சொல்லும்போது, ஸாவித்திரியின் கதையையும் சேர்த்துச் சொல்லட்டும்.