மூன்று கேள்விகள், ஒரே பதில்

வினாடி வினாவில் லக்சம்பர்க் வந்தால் கேள்விகள் பெரும்பாலும் இவைதான். உலகில் மிச்சமிருக்கும் ஒரே கிராண்ட் டச்சி எது? 2020-இல் நாடு முழுக்கப் பேருந்து, டிராம், ரயில் மூன்றையும் இலவசமாக்கிய நாடு எது? ஷெங்கன் என்ற ஊர் எங்கே இருக்கிறது? விடை தெரிந்தவர் மதிப்பெண் வாங்கிக்கொண்டு அடுத்த கேள்விக்குப் போய்விடுவார். பிழைக்க வந்து, பிள்ளை பெற்று, இதையே ஊராக்கிக்கொண்ட எனக்கு இந்த விடைகள் போதவில்லை. என்னைக் கேட்டால் ஒரு தேதியைத்தான் கேள்வியாக வைப்பேன்: 1941 அக்டோபர் 10.

நாட்டின் பரப்பு 2,586 சதுர கிலோமீட்டர். கன்னியாகுமரி மாவட்டத்தைப்போல் ஒன்றரை மடங்கு. மக்கள்தொகை ஏழு லட்சத்துக்கும் குறைவு. மூன்று பக்கமும் பெல்ஜியம், பிரான்ஸ், ஜெர்மனி. 1867 லண்டன் ஒப்பந்தத்தில் வல்லரசுகள் கூடி, இது நடுநிலை நாடு என்று கையெழுத்துப் போட்டன; அதற்கு ஈடாகத் தலைநகரின் பெருங்கோட்டையை இடிக்கச் சொன்னார்கள், இடித்தார்கள். கையெழுத்து காப்பாற்றவில்லை. 1914-இல் ஒரு முறை, 1940 மே 10 அன்று மறுமுறை, ஜெர்மன் படை உள்ளே வந்தது. இரண்டாம் முறை கிராண்ட் டச்சஸ் ஷார்லட்டும் அமைச்சர்களும் நாட்டைவிட்டு வெளியேறினார்கள்.

ஆள வந்தவர் குஸ்தாவ் சிமோன் என்ற நாஜி அதிகாரி. லக்சம்பர்க் மக்கள் தங்களை மறந்துபோன ஜெர்மானியர்கள், நினைவூட்டினால் திரும்பிவிடுவார்கள் என்பது அவருடைய கணக்கு. பிரெஞ்சு மொழிக்குத் தடை வந்தது. தெருப்பெயர்கள் மாறின. மக்களின் பெயர்களிலிருந்த பிரெஞ்சுச் சாயலைக்கூட விட்டுவைக்கவில்லை. பெரே தொப்பி போடவும் தடை. முதல் உலகப்போரில் இறந்த தன்னார்வலர்களின் நினைவாக 1923-இல் நிறுவிய பொன்முலாம் பூசிய பெண் சிலையை 1940 அக்டோபரில் இழுத்துத் தள்ளினார்கள்.

அதற்கு மறு ஆண்டு ஒரு கணக்கெடுப்பு அறிவிக்கப்பட்டது. படிவத்தில் பல கேள்விகள் இருந்தாலும் மூன்றுதான் முக்கியம்: உன் குடியுரிமை எது, தாய்மொழி எது, இனம் எது. லக்சம்பர்க் மொழியை வெறும் வட்டார வழக்கு என்று ஒதுக்கி, அதைத் தாய்மொழியாக எழுதினால் ஏற்கமாட்டோம் என்று விளக்கக் குறிப்பிலேயே சொல்லியிருந்தார்கள். அப்படியானால் ஜெர்மன் என்று எழுதுவதைத் தவிர வேறு வழியில்லை. அப்படி எழுதியதை உலகுக்குக் காட்டி, மக்களே கேட்டுக்கொண்டார்கள் என்று நாட்டை ஜெர்மனியோடு சேர்த்துவிடலாம்.

தலைமறைவாக இயங்கியவர்கள் துண்டறிக்கை அடித்துக் கைக்குக் கை கடத்தினார்கள். மூன்று கேள்விக்கும் லக்சம்பர்க் என்றே எழுதுங்கள் என்பதுதான் செய்தி. தேதி நெருங்கும்போது சில இடங்களின் படிவங்களை எடுத்துப் பார்த்த அதிகாரிகள் திகைத்தார்கள்: பத்தில் ஒன்பது பேருக்கும் மேல் அப்படித்தான் எழுதியிருந்தார்கள். சிமோன் கணக்கெடுப்பையே ரத்து செய்தார். துப்பாக்கி ஏந்திய ஓர் ஆட்சியை, பேர் எழுதிக் கையெழுத்திட்ட படிவங்கள் பின்வாங்க வைத்தன. பெயரை மறைத்துக்கொண்டு எதிர்ப்பது வேறு. வீட்டு முகவரியோடு எதிர்ப்பது வேறு. 1965 மொழிப்போரைப் பெரியவர்கள் வாயால் கேட்டு வளர்ந்தவன் நான். இந்த வரலாற்றை முதன்முதலாகப் படித்தபோது இது அந்நிய நாடு என்ற எண்ணமே எனக்குள் ஆட்டம் கண்டது.

அடுத்த ஆண்டு இன்னும் கடுமை. 1942 ஆகஸ்ட் 30 அன்று, லக்சம்பர்க் இளைஞர்கள் ஜெர்மன் படையில் கட்டாயம் சேர வேண்டும் என்ற ஆணை வெளியானது. மறுநாள் காலையிலேயே வடக்கே வில்ட்ஸ் நகரில் தொழிலாளர்கள் வேலைக்குப் போக மறுத்தார்கள். வேலைநிறுத்தம் அன்றே தெற்கின் உருக்காலைகளுக்குப் பரவியது. ஆசிரியர்கள், மாணவர்கள், தபால் ஊழியர்கள் என்று அடுத்தடுத்து வெளியே வந்தார்கள். ஆட்சி நெருக்கடி நிலையை அறிவித்து, சிறப்பு நீதிமன்றம் அமைத்து, 21 பேரைக் கொன்றது. இருபது பேரை ஹின்சர்ட் முகாமுக்கு அருகில் சுட்டார்கள்.

மீதி ஒருவரைப் பற்றித்தான் நான் அதிகம் யோசிக்கிறேன். அவர் பெயர் ஆடம். ஷிஃப்லாஞ்ச் உருக்காலையில் வேலைநிறுத்தத்துக்கு அடையாளமாகச் சங்கை ஒலிக்கவிட்டவர். அவர் ஜெர்மானியராகப் பிறந்து, இங்கே வந்து குடியேறிய தொழிலாளி. ஜெர்மானியர் என்பதாலேயே அவரைத் துரோகியாகக் கருதி, கொலோன் நகருக்குக் கொண்டுபோய்த் தலையை வெட்டினார்கள். அவர் வாய்திறக்காமல் இருந்திருந்தால், அந்த ஆட்சியில் அவருடைய பிறப்பே அவருக்கு அரணாக இருந்திருக்கும். அக்கம்பக்கத்துப் பிள்ளைகளைப் போருக்கு இழுத்துப்போகிறார்கள் என்றதும் அவர் தான் பிறந்த நாட்டின் பக்கம் நிற்கவில்லை, வாழ்ந்த ஊரின் பக்கம் நின்றார். பத்தாயிரத்துக்கும் மேற்பட்ட இளைஞர்களை அப்படி இழுத்துப்போனார்கள். பலர் ரஷ்யப் போர்முனையிலும் தாம்போவ் கைதி முகாமிலும் மடிந்தார்கள். குடியேறியவன் என்ற முறையில் நான் இந்த நாட்டில் யாரையாவது முன்னோர் என்று சொல்லிக்கொள்ள முடியுமானால் அது அந்த ஆலைத்தொழிலாளிதான்.

இன்றைக்கு நாட்டில் வசிப்பவர்களில் ஏறத்தாழப் பாதிப் பேர் வெளிநாட்டுக் குடிமக்கள். இது போதாதென்று தினமும் இரண்டு லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் எல்லை தாண்டி வேலைக்கு வந்து போகிறார்கள். கடையில் பிரெஞ்சு, அலுவலகத்தில் ஆங்கிலம், செய்தித்தாளில் ஜெர்மன். சட்டங்களைப் பிரெஞ்சில் எழுதுகிறார்கள்; நாடாளுமன்றத்தில் பேச்சு லக்சம்பர்க் மொழியில். அந்த மொழி சட்டப்படி தேசிய மொழியானதே 1984-இல்தான். அதனால் நம்மவர்கள் உட்பட இங்கே வேலைக்கு வந்த பலர் ஒரே பாட்டைப் பாடுகிறார்கள்: இந்த மொழியை எதற்குப் படிக்க வேண்டும், பிரெஞ்சு போதாதா, எத்தனை பேர் பேசுகிறார்கள் இதை? விருந்துகளில் இந்தப் பேச்சு வரும்போதெல்லாம் எனக்குக் கோபம் வரும். ஒரு மொழியை எத்தனை பேர் பேசுகிறார்கள் என்று எண்ணி அதன் மதிப்பைப் போடுவது அந்த 1941 படிவத்தின் மனப்பான்மை. அதைத் தமிழன் வாயால் கேட்கக் கூடாது.

பிள்ளைகளுக்கு இந்தத் தயக்கம் கிடையாது. பிப்ரவரி 2 இங்கே ஒளித் திருநாள். பொழுது சாய்ந்ததும் சிறுவர் சிறுமியர் விளக்குக் கூடுகளைக் கோலில் தொங்கவிட்டுக்கொண்டு வீடு வீடாகப் போய், தின்பண்டம் கேட்டுப் பாடுவார்கள். என் மகள் பள்ளியில் அட்டையில் சன்னல் வெட்டி, நிறத்தாள் ஒட்டிச் செய்த கூடு. உள்ளே மின்கலத்தில் எரியும் குட்டி விளக்கு. அவளோடு போன கூட்டத்தில் போர்ச்சுக்கல் குடும்பத்துப் பையன்கள் இருவர், மாண்டிநீக்ரோ பெண் ஒருத்தி, கேப் வெர்டியில் வேர் கொண்ட குடும்பத்துச் சிறுவன் ஒருவன். எங்கள் மாடிக்கு மேல்வீட்டுப் பாட்டிக்கு எண்பது தாண்டிவிட்டது. கதவைத் திறந்துவைத்து, மடியில் கூடையோடு நாற்காலியில் காத்திருந்தார். நான்கு வீட்டில் நான்கு மொழி பேசும் அந்தப் பிள்ளைகள் பாட்டியின் மொழியில் ஒரு சொல் தப்பாமல் பாடினார்கள். இரண்டாவது அடியை அவசரத்தில் விழுங்கிய என் மகளை மட்டும் பாட்டி நிறுத்தி, “திரும்பப் பாடு கண்ணு” என்கிற தொனியில் தலையசைத்துப் பாடவைத்துவிட்டுத்தான் சாக்லெட் தந்தார்.

எக்டெர்னாக் நகரில் பெந்தகோஸ்துக்கு அடுத்த செவ்வாயன்று நடக்கும் நடன ஊர்வலத்தையும் பார்க்க வேண்டும். வெள்ளைக் கைக்குட்டைகளின் முனைகளைப் பிடித்துக்கொண்டு வரிசை வரிசையாக, ஒரே மெட்டுக்கு இடமும் வலமும் துள்ளியபடி பேராலயத்துக்குப் போவார்கள். 2010-இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்த சடங்கு. ஊர்வலம் போய்ச் சேர்வது புனித வில்லிப்ரோர்டின் கல்லறைக்கு. 739-இல் இறந்த அந்தத் துறவியும் உள்ளூர்க்காரர் அல்லர், இங்கிலாந்தின் வடக்கிலிருந்து வந்தவர்.

இவ்வளவு திறந்த மனத்துக்கு எல்லை இல்லாமல் இல்லை. 2015 ஜூனில், வெளிநாட்டுக் குடிமக்களுக்கு நாடாளுமன்றத் தேர்தலில் வாக்குரிமை தரலாமா என்று பொதுவாக்கெடுப்பு நடந்தது. 78 விழுக்காட்டினர் வேண்டாம் என்றார்கள். வரி கட்டும் கைகளில் பாதிக்கு வாக்கு இல்லை என்பது ஜனநாயகத்தில் பெரிய ஓட்டை. அதை இன்றும் சொல்வேன். ஆனால் அந்த மறுப்பு முழுவதும் வெறுப்பு என்று என்னால் எழுத முடியாது. கரைந்துபோவோமோ என்ற பயம் அதில் இருந்தது. அந்தப் பயத்துக்கு 1941 சாட்சி. மறுத்ததோடு நின்றுவிடவும் இல்லை: 2017 சட்டம் ஐந்தாண்டு வசித்தாலே குடியுரிமை கேட்கலாம் என்றாக்கியது. 2023 உள்ளாட்சித் தேர்தலில், எத்தனை ஆண்டு வசித்தோம் என்ற நிபந்தனை இல்லாமல் வெளிநாட்டவர் பெயர் பதிந்து வாக்களித்தார்கள்.

குடியுரிமைக்குக் கேட்கும் லக்சம்பர்க் மொழித்தேர்வு பேச்சும் கேட்பும் மட்டும். எழுத்துத் தேர்வு இல்லை. ஒரு படத்தைக் காட்டி அதில் என்ன நடக்கிறது என்று சொல்லச் சொல்வார்கள், அன்றாட விஷயம் ஒன்றைப் பற்றிப் பேசவைப்பார்கள். வேலையில் இருப்பவர்கள் மொழி கற்க 200 மணி நேரம் வரை ஊதியத்தோடு விடுப்பு எடுக்கச் சட்டத்தில் இடம் இருக்கிறது. அது தெரியாமலேயே ஆண்டுகளைக் கடத்துகிறவர்கள் நம்மில் நிறையப் பேர். உங்கள் அலுவலகத்தில் கேளுங்கள். மாலை வகுப்புகளைப் பல நகராட்சிகளும் நடத்துகின்றன, அதற்கான பதிவு கோடை விடுமுறை முடியும் முன்பே தொடங்கிவிடுகிறது.