தீக்குச்சிகளே, நீவிர் எஞ்சினீர்

உரசினால் எரிந்து கரியாவதன்றி வேறு விதி அறியாதிருந்தீர், தீக்குச்சிகளே. 1908-இல் பாரிஸ் நகரத்துக் கேலிச்சித்திரக்காரர் எமில் கோல், ஐம்பதைக் கடந்த அகவையில், உம்மைப் பெட்டியினின்று எழுப்பினார். ஒரு குச்சியை நூலிழையளவு நகர்த்துவார், கையை விலக்குவார், படம் பிடிப்பார், மீண்டும் குனிவார். நொடிக்குப் பதினாறு சட்டமளவில் படம் ஓடிய காலம் அது. நீவிர் நாலடி நடக்க அம்முதுகு எத்தனை முறை வளைந்ததோ! திரையிலோ அவர் விரலின் நிழலும் விழவில்லை. நீவிரே கூடி உருவங்கட்டினீர், நீவிரே கலைந்தீர் என்று கண்டோர் மயங்கினர். அவ்வளவு நன்றாகக் கையை மறைத்தவரை உலகும் மறந்ததில் வியப்பென்ன?

வீட்டுச் சாமான்களே, உம்மிடமும் ஒன்று கேட்பேன். அவர் 1910-இல் எடுத்த படத்தில் கடனுக்கு ஏலம் போனீர். வாங்கியவர் மனையில் நிலைகொள்ளாது தெருவிலிறங்கி, பழைய உடையவனிடமே வந்து சேர்ந்தீர். உயிரில்லா மரத்துக்கு அத்துணை நன்றி! உமக்கு அந்நடை பயிற்றியவர் முதுமையில் வறுமையுற்றாரே, அவர் வாயிலை அறியாது போனீரோ?

தீயை நோவேனோ? அது அவரை விட்டதேயில்லை. அக்காலப் படச்சுருள் நைட்ரேட்டால் ஆனது. பற்றினால் நீருக்கும் அடங்காது. கடல்கடந்து, நியூஜெர்சியின் ஃபோர்ட் லீயில், எக்ளேர் படநிறுவனத்துக்காக அவர் உழைத்து எடுத்த படங்களை 1914-இல் மூண்ட நெருப்பு உண்டது. தப்பியவை மிகச் சில. அவற்றுள் ஒன்று, தீக்குச்சிகளே, 1913-இல் மறுபடியும் உம்மைக் கொண்டே அவர் எடுத்த மாயத் தீக்குச்சிப் படம். எரிவதற்கென்றே பிறந்தவர் எரியாது மீண்டீர்.

அவர் மீளவில்லை. 1937-இல் மேசைமேல் நின்ற மெழுகுவத்தியின் சுடர் அவர் தாடியில் பற்றியது. அடுத்த ஆண்டு, 81 அகவை நிரம்பிய சில நாளில், ஜனவரி 20 அன்று கண்மூடினார். மறுநாள், திரையில் மாயம் காட்டிய மற்றொருவரான ஜார்ஜ் மெலியேயும் போனார். மாயம் செய்து வாழ்ந்த இருவருக்கும் ஒருவருக்காக மற்றவர் துக்கம் கேட்கவும் பொழுதில்லை.

தீக்குச்சிகளே, இன்றும் திரையில் அப்பெட்டி திறக்கிறது. மருந்துத் தலை நிமிர்த்தி ஒவ்வொருவராய் வருகிறீர், சேர்கிறீர், ஆடுகிறீர். உம்மை அசைத்த விரல் எங்கே என்று ஒரு குச்சியேனும் திரும்பிப் பார்க்கவில்லையே.