சிலாங்கூர் ஆற்றில் ஓர் இரவு

வடதுருவத்து வானில் தோன்றும் ஒளிவெள்ளத்தை ஆங்கிலப் பாடப் புத்தகத்தில் படித்து வியந்தவர் நாம். ஆயினும், நம் தோட்டத்திற்கு அண்மையில் ஓடும் சிலாங்கூர் ஆற்றின் மின்மினிகளை முப்பது வயது கடந்தும் கண்டோமில்லை. “ஆற்றோரம் கொள்ளிவாய்ப் பேய்” என்று பாட்டி இளமையில் ஊட்டிய அச்சமே காரணம். இத்தனை படித்தும் அது நீங்காதிருந்ததை வெட்கத்துடன் ஒப்புக்கொள்கிறோம்.

சென்ற சனிக்கிழமை இரவு, கோல சிலாங்கூரை அடுத்த கம்போங் குவாந்தானில் நால்வராய்ப் படகேறினோம். இயந்திரமில்லாத படகு. துடுப்பு வலித்த மலாய்ப் பெரியவர் கைப்பேசிகளை அணைக்கச் சொன்னார். (உடன் வந்தவருள் ஒருவருக்கு அதனை மும்முறை சொல்ல நேர்ந்தது!) கரையில் பெரெம்பாங் மரமொன்று முழுவதும் ஒரே இமைப்பில் ஒளிர்ந்து அணைந்தது; மீண்டும் ஒளிர்ந்தது; நொடிக்கு ஏறக்குறைய மூன்று முறை! ஆண் பூச்சிகள் பெண்ணை அழைக்கும் குறியாம். சூடில்லாத நெருப்பு, உடலுக்குள் நிகழும் ரசாயன மாறுதலேயன்றி வேறில்லை. பாட்டியின் பேய் அரிசி மணியளவே இருந்தது.

முன்பு இதனினும் மிகுதி என்றார் பெரியவர். இவை புழுப் பருவத்தில் கரைச்சேற்று நத்தைகளைத் தின்று வளர்பவை. 2009-இல் ஆற்றங்கரை பாதுகாப்புப் பகுதியாக்கப்பட்டது. ஆனால் செம்பனைத் தோட்டத்து வாய்க்கால்கள் ஆற்றிலன்றோ கலக்கின்றன! களைக்கொல்லியை நாம் ‘மருந்து’ என்கிறோம். அம்மருந்துக்குக் கணக்கெழுதும் கிராணியும் நாமே.

திங்களன்று, வாய்க்காலோரத்தை விட்டு மருந்தடிக்கலாகாதா என்று மேலாளரிடம் கேட்டோம். கேட்டுக்கொண்டார், விடை கூறவில்லை. நாளையும் கேட்போம்.