11 வேஷம், ஒரு முத்திரை

ஒரே படத்தில் பல வேஷம் என்றதும் உங்களுக்கு யார் ஞாபகம் வருகிறார்கள்?

'நவராத்திரி' (1964) சிவாஜி, 9 வேஷம் என்பீர்கள். வீட்டில் இருக்கும் பசங்க 'தசாவதாரம்' (2008) கமல், 10 என்று கை தூக்கும். நம்பியார் பெயரை யாராவது சொன்னால் அவருக்கு என் செலவில் ஒரு காபி!

1950-ல் வந்த 'திகம்பர சாமியார்' படத்தில் எம்.என்.நம்பியாருக்கு 11 வேஷம். துப்புத் துலக்குகிற ஒரே ஆள் போடும் மாறுவேடங்கள்தான். ஆனாலும் ஒவ்வொரு முறையும் பார்க்கிறவன் நம்ப வேண்டுமே!

சேலத்திலிருந்து ஏற்காடு போகிறவர்கள், 20 கொண்டை ஊசி வளைவுகளை எண்ணத் தொடங்கும் முன்பே இன்னொரு வளைவைக் கடந்துவிடுகிறார்கள். மாடர்ன் தியேட்டர்ஸ் நுழைவாயில் அது. சேர்வராயன் மலை பார்த்துக்கொண்டிருக்க, 100 படங்களுக்கு மேல் தயாரித்த ஸ்டூடியோ. மிச்சம் இருப்பது அந்த வளைவுதான். முதலாளி டி.ஆர்.சுந்தரம், இங்கிலாந்தில் லீட்ஸ் போய் ஜவுளித் தொழில்நுட்பம் படித்தவர். 'திகம்பர சாமியா'ரை இயக்கியதும் அவரே. ஒரு நடிகர், 11 முகம். பி.காம் படித்த எனக்கு அதில் ஒரு கெட்டிக்கார மில் முதலாளியின் கணக்கு தெரிகிறது.

நம்பியார் அதற்குத் தயாராக வந்தவர். 1919-ல் பிறந்து, சிறுவனாகவே நவாப் ராஜமாணிக்கம் நாடகக் கம்பெனியில் சேர்ந்தவர். அங்கெல்லாம் 'இந்த வேஷம்தான் போடுவேன்' என்று அடம்பிடிக்க முடியுமா? 1950-லேயே 'மந்திரிகுமாரி'யில் ராஜகுருவாக மிரட்டினார். 1952-ல் 'கல்யாணி'யில் கதாநாயகன். அதே வருஷம், ஹாலிவுட்காரர்களோடு சேர்ந்து மாடர்ன் தியேட்டர்ஸ் எடுத்த 'தி ஜங்கிள்' படத்திலும் இருந்தார்.

அப்புறம் என்ன ஆச்சு? மார்க்கெட்! எம்.ஜி.ஆரிடம் அடி வாங்க ஒரு முகம் வேண்டியிருந்தது. 'எங்க வீட்டுப் பிள்ளை' (1965) சாட்டையும் முறைப்பும் ஜனங்களுக்குப் பிடித்துப்போச்சு. ஓடுகிற சரக்கை எந்த வியாபாரி மாற்றுவான்? நிஜத்தில் சுத்த சைவம், பல பத்தாண்டுகள் சபரிமலைக்கு மாலை போட்ட குருசாமி. எங்க ஊர்ப் பாட்டிகளுக்கு அதெல்லாம் கணக்கிலேயே இல்லை. போஸ்டரைப் பார்த்தாலே, "பாவி, நாசமாப் போக!"தான்.

இந்த முத்திரை விவகாரம் எனக்கும் பழக்கம்தான். நான் வேலை பார்த்த ஒரு பத்திரிகையில், பி.காம் என்ற ஒரே காரணத்துக்காக வருஷா வருஷம் பட்ஜெட் கட்டுரை என் தலையில் விழும். மலை, மழை, சினிமா என்று எதைக் கேட்டாலும், "உங்களுக்கு எதுக்கு சார் அதெல்லாம்? வரியைப் பத்தி எழுதுங்க!" திட்டியிருந்தால்கூடச் சண்டை போட்டிருப்பேன். பாராட்டிப் பூட்டினால் என்ன செய்வது?

1982-ல் பாக்யராஜ் 'தூறல் நின்னு போச்சு'வில் நம்பியாரை நல்லவராக, சிரிக்க வைப்பவராக நிறுத்தினார். அப்போது அவருக்கு வயது 63. தியேட்டர் குலுங்கியது. 'இவருக்குக் காமெடி வருமா!' என்று ஆச்சரியப்பட்டோம். 11 வேஷம் போட்ட மனுஷனுக்கு 12-வது வராதா? கேட்க ஆளில்லை, அவ்வளவுதான். 2008 நவம்பரில் அவர் மறைந்தபோதும் செய்தி என்னவோ 'வில்லன் நடிகர் நம்பியார்' என்றுதான் வந்தது.

உங்கள் ஆபீஸிலோ வீட்டிலோ, 'அவனுக்கு அது ஒண்ணுதான் வரும்' என்று முத்திரை குத்தப்பட்ட ஒருத்தர் கட்டாயம் இருப்பார். இந்த வாரம் அவரிடம் வேறு ஒரு வேலையைக் கொடுத்துப் பாருங்களேன். 63 வயசு வரைக்கும் காக்க வைக்க வேண்டாம்.